மலையிலிருந்து ஒரு சிங்கிள்: ராக் பாட்டு உருவாகி வெளியாவது எப்படி?

சினிமாவுக்கு வெளியே சொந்தமாகப் பாட்டு எழுதி, நண்பர்களோடு சேர்ந்து வாசிக்கும் பிள்ளைகள் நீலகிரியிலும் கொடைக்கானலிலும் இருக்கிறார்கள். கையில் கிட்டார் இருக்கிறது, ஜாம் பண்ண (சேர்ந்து மனம்போல வாசித்துப் பார்க்க) யாராவது ஒருவர் வீட்டு மாடி இருக்கிறது, போனில் பதிந்து வைத்த டியூன்கள் இருக்கின்றன. அதற்கு மேல் என்ன செய்வது என்ற இடத்தில்தான் பலரும் நின்றுவிடுகிறார்கள். அவர்களுக்காக, ஒன்றுமே தெரியாது என்று வைத்துக்கொண்டு அடியிலிருந்து எழுதுகிறேன்: ஒரு ஆல்டர்நேட்டிவ் ராக் சிங்கிள் எப்படி உருவாகிறது, எப்படி வெளியே வருகிறது.

சிங்கிள் என்பது தனியாக வெளியிடப்படும் ஒரு பாட்டு. வரப்போகும் ஆல்பத்துக்கு முன்னோடியாக வரலாம். ஆல்பம் என்ற பேச்சே இல்லாமலும் வரலாம். இசைத்தட்டுக் காலத்து வழக்கம் இது. நிமிடத்துக்கு 78 சுற்று சுற்றிய பத்து அங்குலத் தட்டில், பக்கத்துக்குச் சுமார் மூன்று நிமிடம்தான் பதிய முடிந்தது. எஸ்.ஜி. கிட்டப்பாவும் கே.பி. சுந்தராம்பாளும் பாடிய தட்டுகள் அந்த அளவுக்குள் அடங்கியவைதான். 1949-ல் அமெரிக்காவின் ஆர்சிஏ விக்டர் நிறுவனம் 45 சுற்றுத் தட்டைக் கொண்டுவந்தது. ஏழு அங்குலம், பக்கத்துக்கு ஒரு பாட்டு. ஏ பக்கத்தில் கம்பெனி நம்பிய பாட்டு, பி பக்கத்தில் இன்னொன்று. ராக் இசை ஊர் ஊராகப் பரவியது பெரும்பாலும் இந்தச் சின்னத் தட்டில் ஏறித்தான். தட்டு போன பிறகும் அதன் அளவு போகவில்லை. இன்றைக்கும் பெரும்பாலான சிங்கிள்கள் மூன்று, நான்கு நிமிடத்தில் முடிகின்றன.

ஆல்டர்நேட்டிவ் ராக் என்பதற்கு ஒரே இலக்கணம் சொல்ல முடியாது. 1980-களில் அமெரிக்காவில் பெரிய கம்பெனிகளின் கண்ணில் படாத பாண்டுகள் (இசைக்குழுக்கள்) சின்னச் சின்ன லேபிள்களில், அதாவது இசை வெளியீட்டு நிறுவனங்களில், பாட்டு வெளியிட்டன. கல்லூரி வானொலிகள் அவற்றை ஒலிபரப்பின. ஆர்.இ.எம்., பிக்ஸீஸ், சோனிக் யூத் எல்லாம் அந்த வழியில் வந்தவர்கள். 1991-ல் நிர்வாணா என்ற பாண்டு பெரிய அளவில் வெற்றி பெற்ற பிறகு அந்த ஒலி உலகம் முழுக்கப் போனது. கேட்டால் அடையாளம் தெரியும்: கிட்டாரின் சொரசொரப்பு, சரணத்தில் அடங்கிப் பல்லவியில் வெடிக்கும் போக்கு, வித்தை காட்டும் நீண்ட சோலோவைவிட மனநிலைக்கு முக்கியத்துவம், சொந்த வாழ்க்கையிலிருந்து எடுத்த வரிகள். தமிழில் ராக்கும் கானாவும் ராப்பும் கலந்து சாதியைப் பற்றி உரக்கப் பாடிய தி கேஸ்ட்லெஸ் கலெக்டிவ் 2018 ஜனவரியில் சென்னையில் மேடையேறியபோது, சினிமாவுக்கு வெளியேயும் இங்கே பெருங்கூட்டம் கேட்கக் காத்திருக்கிறது என்பது தெரிந்தது.

ஒற்றைப் பாட்டாகக் கேட்பது நமக்கும் பழகியதுதான். கொடைக்கானல் மலையிலிருந்து 100.5-ல் ஒலிபரப்பாகும் கோடை பண்பலையைத் தமிழ்நாட்டின் பல மாவட்டங்களில் கேட்டு வளர்ந்தவர்கள் நாம். எந்தப் பாட்டு எந்தப் படம் என்று தெரியாமலே மனப்பாடம் செய்திருக்கிறோம். ஒரு பாட்டு தனியாக வந்து நிற்க வேண்டும். முன்னால் பின்னால் கதை எதுவும் இல்லாமல் பிடிக்க வேண்டும். சிங்கிளிடம் எதிர்பார்ப்பது அதைத்தான்.

வேலை ஐந்து கட்டமாகப் போகும்: பாட்டை ஒழுங்குபடுத்துவது, பதிவு, மிக்ஸிங் (பதிந்தவற்றை ஒன்று சேர்ப்பது), மாஸ்டரிங் (கடைசி மெருகு), வெளியீடு. இதில் நான் உறுதியாக நம்புவது ஒன்று உண்டு. ஒரு கட்டத்தில் விட்ட குறையை அடுத்த கட்டம் மூடி வைக்குமே தவிர, சரி செய்யாது. "மிக்ஸிங்ல பார்த்துக்கலாம்" என்று ஸ்டுடியோவில் யாராவது சொன்னால் அந்த இடத்திலேயே நிறுத்திவிட்டு இன்னொரு டேக் எடுங்கள், அதாவது இன்னொரு முறை வாசித்துப் பதியுங்கள்.

பாட்டை முதலில் முடியுங்கள்

ஒரு கற்பனைப் பாட்டை வைத்துப் பேசுவோம். கோத்தகிரியில் நான்கு பேர்: ஒருவர் பாடி ரிதம் கிட்டார் வாசிக்கிறார், ஒருவர் லீட் கிட்டார், ஒருவர் அடிச்சுரம் தரும் பேஸ் கிட்டார், ஒருவர் டிரம்ஸ். மேட்டுப்பாளையம் பஸ் ஸ்டாண்டில் கடைசி பஸ்ஸை விட்டவனைப் பற்றிய பாட்டு. பல்லவி இப்படி:

கடைசி வண்டி போயிருச்சு
கையில சில்லறை மிச்சம்
மேல இருக்கு எங்க வீடு
மேகம் மூடுது கொஞ்சம்

ஜாமில் வாசிக்கும்போது இந்தப் பாட்டு ஏழு நிமிடம் போகும். முன்னிசை 16 பார், சரணம் மூன்று, நடுவில் ஆளாளுக்கு ஒரு சோலோ. மாடியில் அது சுகம்தான். சிங்கிளுக்கு வரும்போது கத்தரிக்க வேண்டும். வேகம் நிமிடத்துக்கு 112 தட்டு என்றால், நான்கு தட்டு கொண்ட ஒரு பார் இரண்டு நொடிக்குச் சற்றுக் கூடுதல். 16 பார் முன்னிசை 34 நொடி. ஸ்பாட்டிஃபையில் ஒரு பாட்டு 30 நொடி ஓடினால்தான் ஒரு கேட்பாகக் கணக்கில் வரும். உங்கள் பாடகர் வாயைத் திறப்பதற்குள் அந்தக் கணக்கே முடிந்துவிடுகிறது. அதற்காகப் பயந்து எல்லாப் பாட்டையும் பல்லவியில் ஆரம்பிக்கச் சொல்லவில்லை. 16 பாரில் புதிதாக ஏதாவது நடக்கிறதா என்று கேட்டுப் பாருங்கள். நடக்கவில்லை என்றால் நான்கு பார் போதும், எட்டரை நொடி.

அடுத்தது அடக்கமும் வெடிப்பும். சரணத்தில் பேஸும், மூடிய ஹை-ஹாட்டும் (டிரம்ஸில் காலால் மூடித் திறக்கும் ஜோடித் தட்டு), சொரசொரப்பு இல்லாத ஒரே ஒரு கிளீன் கிட்டாரும் மட்டும் இருக்கட்டும். "கடைசி வண்டி" என்று வரும்போது இரண்டு கிட்டாரும் டிஸ்டார்ஷனோடு (சொரசொரப்போடு) நுழையட்டும், டிரம்மர் ஹை-ஹாட்டை விட்டுக் கிராஷ் சிம்பலுக்குப் போகட்டும். சரணத்திலேயே எல்லோரும் முழு பலத்தோடு வாசித்தால் பல்லவி எங்கே போய் ஏறும்? சத்தத்தைக் கூட்டுவதற்கு முதல் வழி, முந்தைய பகுதியில் குறைத்து வைப்பது. நான் கேட்கும் டெமோக்களில் (மாதிரிப் பதிவுகளில்) அதிகம் காணாத ஒழுங்கு இதுதான்.

தமிழில் ராக் பாடுபவர்கள் இன்னொன்றையும் பார்க்க வேண்டும். ராக் மெட்டுகள் ஒரு எழுத்தை இழுத்துப் பிடிக்கும். குறில் மேல் இழுவை விழுந்தால் மலை மாலையாகிவிடும், கல் காலாகிவிடும். "போயிருச்சு" என்பதில் இழுவை "போ" மேல் விழுகிறது, அதனால் சரியாக இருக்கிறது. "கடைசி" என்பதன் முதல் எழுத்தில் இழுத்திருந்தால் கேட்பவர் தடுமாறுவார். மெட்டை மாற்றுங்கள், அல்லது வார்த்தையை மாற்றுங்கள். இரண்டும் மைக் முன்னால் நிற்பதற்கு முன்பு நடக்க வேண்டிய வேலை.

பல்லவியின் உச்ச சுரத்தைப் பாடகர் பத்து முறை பாடினாலும் தொண்டை கட்டாத சுருதியைத் தேர்ந்தெடுங்கள். கிட்டாரில் வாசிக்க வசதி என்று ஈ (E) சுருதியிலேயே நிற்க வேண்டாம். எல்லாத் தந்தியையும் அரை சுரம் இறக்கி டியூன் பண்ணலாம், பல ராக் பாண்டுகள் செய்வதுதான்.

பதிவு: மழை, குளிர், கரண்ட்

மலையில் பதிவு செய்ய நினைப்பவர் முதலில் பார்க்க வேண்டியது காலண்டர். கூடலூர், நடுவட்டம் பக்கம் தென்மேற்குப் பருவமழை ஜூனிலிருந்து செப்டம்பர் வரை கொட்டும். குன்னூர், கோத்தகிரி பக்கம் வடகிழக்குப் பருவமழை அக்டோபரிலிருந்து டிசம்பர் வரை வலுக்கும். நம் வீடுகள் பலவற்றுக்கு மேற்கூரை தகரம். தகரத்தில் விழும் மழைச் சத்தம் கீழ்ச் சுரத்திலிருந்து மேல் சுரம் வரை எல்லா அலைவரிசையிலும் பரவிக் கிடக்கும். பாடகர் குரலைத் தொடாமல் அதை மட்டும் பிரித்தெடுக்க எந்தக் கருவியாலும் முழுசாக முடியாது. ஜனவரி, பிப்ரவரியில் மழை குறைவு, காற்று உலர்ந்திருக்கும், ராத்திரி பத்துக்கு மேல் ஊர் அடங்கிவிடும். பதிவுக்கு அதைவிட நல்ல காலம் கிடையாது.

ஆனால் அப்போது உறைபனி. கிட்டாரின் இரும்புத் தந்தி குளிரில் சுருங்கி இறுகும், சுருதி ஏறும். வாசிக்க ஆரம்பித்துக் கைச்சூடு பட்டதும் இளகி இறங்கும். ஆகவே கிட்டாரைப் பெட்டியிலிருந்து எடுத்து அறையில் அரை மணி நேரம் வைத்து, கொஞ்சம் வாசித்த பிறகு டியூன் பண்ணுங்கள்; ஒவ்வொரு டேக்குக்கு முன்பும் மறுபடி பாருங்கள். மழைக்காலத்தில் வேறு பிரச்சினை: அகூஸ்டிக் கிட்டாரின் மரம் ஈரத்தைக் குடித்து உப்பும், தந்தி பலகையிலிருந்து மேலே எழும், அழுத்தவே கை வலிக்கும். கண்டென்ஸர் மைக்கில் (நுணுக்கமாகப் பிடிக்கும், மின்சாரம் தேவைப்படும் மைக்) ஈரம் ஏறினால் படபடவென்று பொரியும் சத்தம் வரும். காற்றுப் புகாத டப்பாவில் சிலிக்கா ஜெல் பொட்டலத்தோடு மைக்கை வைப்பதற்கு ஆகும் செலவு ஒன்றுமே இல்லை.

கரண்ட் விஷயத்தில் ஒரு சின்ன சோதனை. கிட்டாரை லேப்டாப்பில் இணைத்ததும் "ம்ம்ம்" என்று ஒரு முனகல் கேட்டால், லேப்டாப் சார்ஜரைப் பிடுங்கி பேட்டரியில் ஓட்டிப் பாருங்கள். முனகல் நின்றால் எர்த்திலோ சார்ஜரிலோ கோளாறு இருக்கலாம், எலக்ட்ரீஷியனைக் கூப்பிடுங்கள். அதுவரை பேட்டரியிலேயே பதியுங்கள். நிற்கவில்லை என்றால், பக்கத்தில் இருக்கும் டியூப் லைட்டையும் அடாப்டர்களையும் அணைத்துவிட்டு, உட்கார்ந்திருக்கும் திசையை மாற்றிப் பாருங்கள். ஒற்றைச் சுருள் பிக்கப் (தந்தியின் அதிர்வை மின்சாரமாக்கும் பாகம்) உள்ள கிட்டார்கள் சுற்றியிருக்கும் மின்காந்த இரைச்சலை இழுத்துக்கொள்ளும். ஹம்பக்கர் பிக்கப்பில் இரண்டு சுருள் ஒன்றின் இரைச்சலை ஒன்று அழித்துவிடும்.

அறை. சிமென்ட் சுவரும் டைல்ஸ் தரையும் உள்ள காலி அறையில் கைதட்டினால் ஒரு உலோக எதிரொலி வரும், அது குரலில் அப்படியே பதியும். மலை வீட்டில் கம்பளிக்குப் பஞ்சமில்லை. சுவரோடு ஒட்டாமல் ஒரு சாண் தள்ளிக் கம்பளியைத் தொங்கவிடுங்கள். பாடகருக்குப் பின்னால் ஒன்று, பக்கவாட்டில் ஒன்று. மேல் சுரங்களின் எதிரொலி அடங்கும். பேஸ் ஒலியைக் கம்பளி தடுக்காது, அதற்கு மெத்தை, அலமாரி, புத்தகம் நிறைந்த அறை கொஞ்சம் உதவும். படுக்கையறைதான் பெரும்பாலும் வீட்டிலேயே நல்ல பதிவு அறை.

டிரம்ஸை வீட்டில் பதிவது கஷ்டம். மைக் நிறைய வேண்டும், எட்டு இன்புட் உள்ள இன்டர்ஃபேஸ் (மைக்கையும் கிட்டாரையும் லேப்டாப்போடு இணைக்கும் பெட்டி) வேண்டும், லைன் வீடுகளில் சுவருக்கு அந்தப் பக்கம் குழந்தை தூங்கும். ஒரு நாள் கோயம்புத்தூருக்கோ மதுரைக்கோ இறங்கி ஒரு ஸ்டுடியோவில் டிரம்ஸை மட்டும் பதிந்துவிட்டு, மற்றதை வீட்டில் முடிப்பது என் பரிந்துரை. இறங்குவதற்கு முன் கைடு டிராக் தயாராக இருக்க வேண்டும்: 112 வேகத்தில் கிளிக் (தாளம் காட்டும் டிக் டிக் ஒலி), அதற்கு மேல் ஒரு கிட்டார், ஒரு குரல், அவ்வளவு போதும். டிரம்மர் ஹெட்போனில் அதைக் கேட்டுக்கொண்டு வாசிப்பார். பிறகு ஒவ்வொருவராக அதன் மேல் பதிவார்கள். பாட்டு மூச்சு விட வேண்டும் என்று கிளிக் இல்லாமல் நான்கு பேரும் ஒன்றாக வாசித்துப் பதியும் பாண்டுகளும் உண்டு. அதற்கு நான்கு பேரும் நன்றாக ஒத்திகை பார்த்திருக்க வேண்டும்.

நான்கு மைக் வைத்தே டிரம்ஸைக் கௌரவமாகப் பதியலாம்: கிக்குக்கு (காலால் அடிக்கும் பெரிய டிரம்) ஒன்று, ஸ்னேருக்கு (நடுவில் இருக்கும் சின்ன டிரம்) ஒன்று, தலைக்கு மேல் இரண்டு. இங்கே ஒரு நூல்கண்டு வேண்டும். ஸ்னேரின் நடுவில் நூலின் ஒரு நுனியை அழுத்திப் பிடித்து, மேலே உள்ள ஒரு மைக் வரை இழுத்து முடிச்சுப் போடுங்கள். அதே முடிச்சு இரண்டாவது மைக்கையும் தொட வேண்டும். ஒலி ஒரு மில்லி நொடியில் ஏறக்குறைய 34 சென்டிமீட்டர் போகும். ஒரு மைக் 17 சென்டிமீட்டர் தள்ளியிருந்தால் ஸ்னேர் சத்தம் அதில் அரை மில்லி நொடி தாமதமாக விழும். இரண்டையும் சேர்க்கும்போது 1000 ஹெர்ட்ஸ் பக்கம் ஒன்றை ஒன்று தின்றுவிடும். ஸ்னேர் சப்பையாகக் கேட்கும், ஏன் என்றே புரியாது. முடிச்சுப் போட்ட ஒரு நூல் அதைத் தவிர்க்கிறது.

எலெக்ட்ரிக் கிட்டாருக்கு அம்ப் (கிட்டார் ஒலிபெருக்கி) முன்னால் ஒரு டைனமிக் மைக், உரத்த சத்தத்தையும் தாங்கும் வகை. 1965-லிருந்து விற்கும் ஷூர் எஸ்எம்57 தான் உலகெங்கும் இந்த வேலைக்கு வழக்கமாக வைக்கப்படும் மைக். ஸ்பீக்கர் கூம்பின் நடுப்புள்ளியைப் பார்த்து வைத்தால் கூர்மையாக, காதைக் கீறுவது போலக் கேட்கும். ஓரத்துக்கு நகர்த்த நகர்த்த மிருதுவாகும். இரண்டு மூன்று சென்டிமீட்டர் நகர்த்தினாலே வித்தியாசம் தெரியும். அதனால் ஒருவர் வாசிக்க, ஒருவர் மைக்கை நகர்த்த, இன்னொருவர் ஹெட்போனில் கேட்டு "போதும்" என்று சொல்ல வேண்டும். அம்ப் இல்லையென்றால் நேராக இன்டர்ஃபேஸில் செருகி, மென்பொருள் அம்பைப் பயன்படுத்தலாம். இன்று பல பாண்டுகள் அப்படித்தான் செய்கின்றன.

பல்லவியில் கிட்டார் அகலமாகக் கேட்க ஒரே ரிஃபை (திரும்பத் திரும்ப வரும் கிட்டார் வரி) இரண்டு முறை வாசித்துப் பதியுங்கள்; ஒன்றை முழுக்க இடப்பக்கம், மற்றதை முழுக்க வலப்பக்கம். ஒரு டேக்கையே நகல் எடுத்து இரண்டு பக்கமும் வைத்தால் அகலம் வராது, நடுவில்தான் கேட்கும். இரண்டு டேக்குக்கும் இடையில் மனிதக் கை தரும் சின்னச் சின்ன வேறுபாடுதான் அந்த அகலத்தைத் தருகிறது.

குரலைக் கடைசியில், அவசரமில்லாத நாளில் பதியுங்கள். கண்டென்ஸர் மைக் என்றால் இன்டர்ஃபேஸில் 48 வோல்ட் பொத்தானைப் போட மறக்க வேண்டாம். மைக்குக்கு ஒரு சாண் தள்ளி நில்லுங்கள், நடுவில் பாப் ஃபில்டர் (வாயிலிருந்து வரும் காற்று மைக்கில் மோதாமல் தடுக்கும் வலை). முழுப் பாட்டையும் நான்கைந்து டேக் பாடி, ஒவ்வொரு வரிக்கும் சிறந்ததை எடுத்துத் தொடுப்பது வழக்கம். தொடுக்கும்போது சுருதி சுத்தத்தைவிட உணர்ச்சியைப் பார்த்துத் தேர்ந்தெடுங்கள். "மேகம் மூடுது கொஞ்சம்" என்ற வரியில் குரல் சற்று உடைந்த டேக் இருந்தால் நான் அதைத்தான் வைப்பேன்.

எல்லாவற்றையும் 24 பிட்டில், 44.1 அல்லது 48 கிலோஹெர்ட்ஸில் பதியுங்கள். அன்றன்றைக்கே இரண்டு இடத்தில் நகல்.

மிக்ஸிங், மாஸ்டரிங்

தனித்தனியாகப் பதிந்த இருபது முப்பது டிராக்கையும் ஒரே பாட்டாக்குவது மிக்ஸிங். கோத்தகிரி மினி பஸ்ஸில் எல்லோருக்கும் இடம் பிடித்துக் கொடுப்பது மாதிரியான வேலை. கிக் டிரம்மும் பேஸும் ஒரே சீட்டுக்கு அடித்துக்கொள்ளும், டிஸ்டார்ஷன் கிட்டார் குரலின் மடியில் உட்காரும். ஈக்யூ (அலைவரிசை வாரியாகச் சத்தத்தைக் கூட்டிக் குறைக்கும் கருவி) வைத்து யார் எந்த அலைவரிசையில் உட்கார வேண்டும் என்று பிரிக்கிறோம். கிட்டாரில் 80, 100 ஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ளதை வெட்டினால் பேஸுக்கு இடம் கிடைக்கும். 2000-லிருந்து 4000 ஹெர்ட்ஸ் வரை கிட்டாரைக் கொஞ்சம் தாழ்த்தினால் குரலின் மெய்யெழுத்துகள் தெளியும். ராக்கில் தமிழ் வரி புரியவில்லை என்று வீட்டில் பெரியவர்கள் சொல்வதற்குப் பெரும்பாலும் காரணம் இந்த இடத்து நெரிசல்தான். ழகரமும் ளகரமும் கிட்டார் இரைச்சலுக்குள் ஒன்றாகிவிடும்.

கம்ப்ரஸர் உரத்த இடத்தைத் தாழ்த்திச் சத்த வேறுபாட்டைக் குறைக்கும். அளவு மீறினால் நீங்கள் பாடுபட்டு உண்டாக்கிய அடக்கத்தையும் வெடிப்பையும் தட்டையாக்கிவிடும். எந்தக் கருவியையும் தொடுவதற்கு முன் வால்யூமை மட்டும் ஏற்றி இறக்கி ஒரு மணி நேரம் செலவிடுங்கள். வேலையில் பாதி அதிலேயே முடியும்.

பிறகு போன் ஸ்பீக்கரில் கேளுங்கள். பேஸின் அடிச்சுரம் அதில் வரவே வராது. பேஸ் டிராக்கில் லேசாக டிஸ்டார்ஷன் சேர்த்தால் அதன் மேல் சுரங்கள் எழும். சின்ன ஸ்பீக்கரிலும் பேஸ் இருப்பது தெரியும். ஜீப்பில் ஒருமுறை, மலிவான இயர்போனில் ஒருமுறை. மறுநாள் காலையில் காது ஓய்ந்த பிறகு இன்னொரு முறை.

மாஸ்டரிங் என்பது மிக்ஸ் முடிந்த பாட்டுக்குக் கடைசி மெருகும் கடைசிச் சோதனையும். மிக்ஸ் செய்தவர் அல்லாத இன்னொரு காது அதைச் செய்வது நல்லது. எம்பி3 அனுப்பாதீர்கள், வேவ் ஃபைல் அனுப்புங்கள். நான்கு நிமிடப் பாட்டு 24 பிட்டில், 44.1 கிலோஹெர்ட்ஸில் 63 எம்பி அளவு வரும். உரக்கக் கேட்க வேண்டும் என்று நசுக்கச் சொல்லாதீர்கள். ஸ்பாட்டிஃபை எல்லாப் பாட்டையும் மைனஸ் 14 எல்யூஎஃப்எஸ் (காதுக்குத் தெரியும் சத்தத்தை அளக்கும் அலகு) என்ற அளவுக்கு ஒத்து வைத்து ஒலிக்கிறது, ஆப்பிள் மியூசிக் மைனஸ் 16-க்கு. நீங்கள் மைனஸ் 8-ல் கொடுத்தால் ஸ்பாட்டிஃபை ஆறு டெசிபல் தாழ்த்திவிடும். சத்தம் போய்விடும், நசுங்கியது மட்டும் மிஞ்சும்.

காகித வேலை

பாட்டு முடிந்த அன்றே நான்கு பேரும் உட்கார்ந்து ஒரு தாளில் எழுதுங்கள்: வரி யாருடையது, மெட்டு யாருடையது, பங்கு எத்தனை சதவீதம். எல்லோரும் கையெழுத்துப் போடுங்கள். நண்பர்களுக்குள் எதற்கு என்று தோன்றும். நண்பர்களாக இருக்கும்போதுதான் இதைச் சுலபமாக எழுத முடியும்.

ஒரு பாட்டில் இரண்டு சொத்து இருக்கிறது. வரியும் மெட்டும் ஒன்று. பதிவு செய்யப்பட்ட ஒலி இன்னொன்று. இந்தியச் சட்டப்படி முதலாவதற்கு உரிமை இயற்றியவரின் ஆயுளும் அதற்குப் பிறகு 60 ஆண்டும். ஒலிப்பதிவுக்கு வெளியானதிலிருந்து 60 ஆண்டு. பதிவை முன்னெடுத்துப் பொறுப்பேற்றுச் செய்தவரே ஒலிப்பதிவின் தயாரிப்பாளர் என்கிறது சட்டம். நீங்கள் காசு கொடுத்துப் பதிகிறீர்கள் என்றால், மாஸ்டர் (முடிந்த ஒலிப்பதிவு) உங்களுடையது என்று ஸ்டுடியோவிடம் ஒரு வரி எழுதி வாங்குங்கள். வரியும் மெட்டும் எழுதியவர்கள் ஐபிஆர்எஸ்ஸில் உறுப்பினராகலாம். 1969-லிருந்து இயங்கும் அந்தச் சங்கம் வானொலி, மேடை, இணையம் ஆகியவற்றிலிருந்து படைப்பாளிக்கு வர வேண்டிய ராயல்டியை வசூலித்துக் கொடுக்கிறது. 2012 சட்டத் திருத்தம் இந்த உரிமையை வலுப்படுத்தியது.

நம் மலையில் இன்னொரு விஷயம் மிக முக்கியம். கோத்தர்களின் குழலும் முழவும், ஹெத்தையம்மன் விழாவில் படுகர்கள் சேர்ந்து பாடுவதும் கேட்டவரை இழுக்கும். போனில் பதிந்ததை வெட்டிப் பாட்டுக்குள் ஒட்டிவிட ஆசை வரும். செய்யாதீர்கள். வாசித்தவருக்கும் பாடியவருக்கும் கலைஞர் உரிமை சட்டத்திலேயே 50 ஆண்டு உண்டு. சட்டத்துக்கு முன்னால், அது அவர்கள் சாமிக்கும் சாவுக்கும் இசைப்பது. நேரில் போய்க் கேளுங்கள், சம்மதித்தால் அவர்களையே வாசிக்க அழையுங்கள், பெயரும் பணமும் கொடுங்கள். மறுத்தால் விட்டுவிடுங்கள்.

வெளியீடு

ஸ்பாட்டிஃபை, ஆப்பிள் மியூசிக், ஜியோசாவன் எதிலும் நீங்கள் நேராகப் பாட்டை ஏற்ற முடியாது. டிஸ்ட்ரோகிட், டியூன்கோர், சிடி பேபி போன்ற விநியோக நிறுவனம் ஒன்றின் வழியாகத்தான் போக வேண்டும். சிலவற்றுக்கு ஆண்டுச் சந்தா. சிலவற்றுக்கு ஒருமுறை கட்டணமும் வருவாயில் ஒரு பங்கும். சந்தா கட்டாமல் விட்டால் பாட்டு கடையில் நிற்குமா, இறங்கிவிடுமா என்று சேருவதற்கு முன்பே படித்துப் பாருங்கள்.

ஒவ்வொரு ஒலிப்பதிவுக்கும் ஐஎஸ்ஆர்சி என்ற 12 எழுத்து அடையாள எண் உண்டு. நாட்டுக்கு இரண்டு, பதிவாளருக்கு மூன்று, ஆண்டுக்கு இரண்டு, பாட்டுக்கு ஐந்து. பெரும்பாலும் விநியோகஸ்தரே தந்துவிடுவார். அதைக் குறித்து வையுங்கள். நாளை வேறு விநியோகஸ்தரிடம் மாறினால் அதே எண்ணைக் கொடுத்தால்தான் பழைய கேட்புக் கணக்கு தொடரும். பாண்டின் பெயரைத் தமிழிலும் ஆங்கிலத்திலும் எப்படி எழுதுவது என்று ஒருமுறை முடிவு செய்து, எழுத்து மாறாமல் எல்லா இடத்திலும் போடுங்கள். அதே பெயரில் ஏற்கெனவே வேறு பாண்டு இருந்தால் உங்கள் பாட்டு அவர்கள் பக்கத்தில் போய் விழும், முன்கூட்டியே தேடிப் பாருங்கள். அட்டைப்படம் 3000-க்கு 3000 பிக்ஸல் சதுரம். அதில் போன் எண், இணைய முகவரி இருந்தால் திருப்பி அனுப்பிவிடுவார்கள். படம் நீங்கள் எடுத்ததாகவோ, எடுத்தவரிடம் எழுதி வாங்கியதாகவோ இருக்கட்டும்.

வெளியீட்டு நாள் வெள்ளிக்கிழமை. 2015 ஜூலை 10-லிருந்து உலகம் முழுக்கப் புதிய இசை அந்தக் கிழமையில்தான் வருகிறது. நான்கு வாரம் முன்பே பாட்டை ஏற்றிவிடுங்கள். ஸ்பாட்டிஃபையின் பிளேலிஸ்ட் குழுவுக்குப் பாட்டைப் பரிந்துரைக்கும் வசதி கலைஞர் கணக்கிலேயே இருக்கிறது. வெளியீட்டுக்குக் குறைந்தது ஏழு நாள் முன்பு அனுப்ப வேண்டும், வெளியான பாட்டை அதில் அனுப்ப முடியாது. இதைத் தவற விடும் பாண்டுகள் நிறைய. விவரம் கேட்கும் கட்டத்தில் "நல்ல பாட்டு" என்று எழுதாமல், பாட்டு எதைப் பற்றியது, என்ன கருவி, எந்த ஊர்க்காரர்கள் என்று எழுதுங்கள். மேட்டுப்பாளையத்தில் கடைசி பஸ்ஸை விட்டவன் கதை என்றால் படிப்பவருக்கு உடனே ஒரு படம் கிடைக்கும்.

யூடியூபுக்கு வரிகள் ஓடும் எளிய வீடியோ ஒன்று போதும், தமிழ் எழுத்தில் பிழை இல்லாமல். வெளியான வாரத்தில் நான்கு பேரும் தனித்தனியாக ஆட்களுக்கு அனுப்புங்கள். குரூப்பில் லிங்க் போட்டால் தாண்டிப் போய்விடுவார்கள். "நீ கேட்டுட்டு ரெண்டாவது சரணம் எப்படி இருக்குன்னு சொல்லு" என்று ஒருவரைக் கேட்டால் கேட்பார்.

பணம் பற்றி வெளிப்படையாகச் சொல்லிவிடுகிறேன். 2024-லிருந்து ஸ்பாட்டிஃபையில் ஒரு பாட்டு முந்தைய 12 மாதத்தில் 1000 முறையாவது கேட்கப்பட்டிருந்தால்தான் காசு கணக்கில் சேரும். அதைத் தாண்டினாலும் முதல் சிங்கிள் செலவை மீட்டுத் தராது என்று வைத்துக்கொண்டே பட்ஜெட் போடுங்கள். மேடை நிகழ்ச்சியும், குறும்படத்துக்கோ விளம்பரத்துக்கோ பாட்டைக் கொடுப்பதும்தான் சின்ன பாண்டுக்கு வருமானம். அதற்காக மிக்ஸ் முடித்த அன்றே குரல் இல்லாத வடிவம் ஒன்றையும், டிரம்ஸ், பேஸ், கிட்டார், குரல் என்று தனித்தனி ஸ்டெம்களையும் எடுத்து, ஐஎஸ்ஆர்சி எண்ணும் பங்குத் தாளின் நகலும் இருக்கும் அதே ஃபோல்டரில் போட்டு வையுங்கள். யாராவது ஃபோன் பண்ணிக் கேட்டால் அன்றைக்கே அனுப்பலாம்.